அத்தியாயம் 9: மழை இரவும் வன்பயறுப் புழுக்கும்

திருவனந்தபுரத்தில் குளிரா என்று சிரிப்பீர்கள். மார்கழி நடு இரவில்கூட இங்கே 20 டிகிரிக்குக் கீழே இறங்குவது அபூர்வம். ஊட்டிக்காரர் காதில் விழுந்தால் கைகொட்டுவார். ஆனால் ஜூன் தொடக்கத்தில் பிடித்த மழை, ஆடி நடுவில் நான்கு நாள் விடாமல் பெய்யும்போது இங்கே இருந்து பார்க்க வேண்டும். கொடியில் போட்ட துணி மூன்றாம் நாளும் ஈரவாடை அடிக்கும். உப்பு ஜாடியில் நீர் கோத்துக்கொள்ளும். தீப்பெட்டி நமுத்துப்போகும். கழக்கூட்டத்திலிருந்து நனைந்த பஸ்ஸில் ஒரு மணி நேரம் நின்றபடி வந்து, குடையை வாசலில் சாய்த்துவிட்டு உள்ளே வரும்போது, எலும்புக்குள் ஏதோ ஊறிப்போன மாதிரி இருக்கும். அந்த நேரத்தில் தயிர்சாதத்தைக் கண்டால் உடம்பு முகம் சுளிக்கிறது. சூடாக, கெட்டியாக, ஒரு கிண்ணம் போதும் என்று வயிறு சொல்லும்படி ஏதாவது வேண்டும்.

அந்த ஏதாவதுக்கு இந்த ஊரில் பெயர் புழுக்கு. வன்பயறும் கிழங்குகளும் சேர்ந்து வெந்து, பாதி மசிந்து, பச்சைத் தேங்காய் அரைத்த விழுது கலந்து, மேலே பச்சைத் தேங்காய் எண்ணெய் விட்டு இறக்கியது. பெயர் நமக்கு அந்நியமில்லை. பழந்தமிழில் புழுக்குதல் என்றால் வேகவைத்தல். நம் புழுங்கல் அரிசியும், வருஷத்தில் ஒன்பது மாதம் இந்த ஊரில் நம்மைப் படுத்தும் புழுக்கமும் அதே வேரில் பிறந்தவைதான்.

இரண்டு குளிருக்கு இரண்டு புழுக்கு என்று வைத்துக்கொள்ளலாம். ஒன்று கர்க்கடக மாதத்து மழைக்குளிர், அதாவது நம் ஆடி. வயல் வேலை இல்லாமல், கடலுக்குப் போகமுடியாமல், நெல்லும் தீர்ந்துபோயிருக்கும் மாதம் என்பதால் பழைய கேரளத்தில் இதற்குப் ‘பஞ்ஞக் கர்க்கடகம்’ என்றே பெயர். அப்போது கஞ்சியும் பயறும்தான் சாப்பாடு. இன்னொன்று தனு மாதத் திருவாதிரை, நம் மார்கழித் திருவாதிரையேதான். சிதம்பரத்தில் ஆருத்ரா தரிசனம் நடக்கும் அதே நாளில் இங்கே பெண்கள் அரிசிச் சோறு தவிர்த்து நோன்பிருந்து, விடியலுக்கு முன் குளத்தில் குளித்து, கைகொட்டித் திருவாதிரைக்களி ஆடி, கூவைக்கிழங்கு மாவில் செய்த பாயசமும் புழுக்கும் சாப்பிடுவார்கள். முந்தின நாள் மகயிரம், நம் மிருகசீரிஷம். அன்று கிழங்குகளைக் கனலில் சுட்டு, வெல்லமும் எள்ளும் சேர்த்து ‘எட்டங்காடி’ செய்வார்கள். குளிர் மாதத்தில் குளத்து நீரில் மூழ்கி எழுந்தவர்களுக்கு முன்னால் பயறும் கிழங்கும் வைக்க வேண்டும் என்று யாருக்குத் தோன்றியதோ, அவருக்கு உடம்பு தெரிந்திருந்தது.

இந்த ஊரில் குடித்தனம் போட்ட புதிதில் நான் செய்த முதல் புழுக்கு கல்லாகிவிட்டது. ஒன்பது விசில். பயறு அப்போதும் பல்லில் ‘டக்’கென்றது. அன்று குக்கர் மேல் பழி போட்டேன். பிறகுதான் தெரிந்தது: புழுக்கைத் தேட வைக்கும் அதே ஈரம்தான் பயறையும் கெடுக்கிறது. ஆகவே இந்த அத்தியாயத்தின் முதல் பாதி அடுப்பைப் பற்றியே இல்லை.

கடையில்

சாலைத் தெருவுக்குப் போங்கள். ராஜா கேசவதாசன் திருவிதாங்கூர் திவானாக இருந்தபோது, 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் உண்டாக்கிய கடைவீதி. கிழக்குக் கோட்டையிலிருந்து நடந்தே நுழையலாம். பலசரக்கு மொத்தக் கடைகளில் தமிழ் பேசினால் தமிழிலேயே பதில் வரும். ஆனால் மற்ற கடைகளில் சில சொற்கள் காலை வாரிவிடும். ‘பச்சைப்பயறு’ என்று கேட்டால் முழ நீளத்துக்குத் தட்டைப்பயற்றங்காய்க் கட்டு ஒன்றை எடுத்து வைப்பார்கள். நம் பாசிப்பயறு இங்கே ‘செறுபயறு’. ‘முதிர’ என்றால் கொள்ளு. ‘கடல’ என்றால் கொண்டைக்கடலை; நிலக்கடலை வேண்டுமானால் ‘கப்பலண்டி’. ‘உள்ளி’ சின்ன வெங்காயம், ‘சவாள’ பெரிய வெங்காயம், ‘வெளுத்துள்ளி’ பூண்டு. நாகர்கோவில் பக்கத்தவர்களுக்கு இந்தப் பாடம் வேண்டாம். 1956 நவம்பர் 1 வரை அவர்களும் இதே திருவிதாங்கூரில், பின்னால் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தவர்கள்தானே; பயறுத் துவரனும் (பொரியல்) மரச்சீனியும் (மரவள்ளிக்கிழங்கு) அவர்கள் வீட்டுச் சரக்கு.

நமக்கு வேண்டியது வன்பயறு. சிவப்புக் காராமணி என்று தமிழ்நாட்டில் வாங்குகிறோமே, அதன் நெருங்கிய உறவு. செங்கல் நிறத்தில் இருக்கும். தட்டைப்பயறும் இதே குடும்பம், ஆப்பிரிக்காவில் பிறந்து எப்போதோ இங்கே வந்து வீட்டுப்பிள்ளை ஆனது. கேரள அரசின் சப்ளைகோ நடத்தும் மாவேலி கடைகளில் மானிய விலையில் தரும் 13 பொருட்களில் வன்பயறும் செறுபயறும் உண்டு. மானியத்துக்கு ரேஷன் கார்டு வேண்டும். இல்லாதவர்கள் சாதாரண விலைக்கு வாங்கலாம்.

எங்கே வாங்கினாலும் பயறின் வயதைப் பாருங்கள். புதுப் பயறு நிறம் தெளிந்து மினுமினுக்கும், தோல் இறுக்கமாக இருக்கும். பழையது கறுத்து, மங்கி, சுருங்கியிருக்கும். ஊசி முனையால் குத்தியது போல வட்டத் துளைகள் இருந்தால் வண்டு உள்ளே குடியிருந்துவிட்டுப் போயிருக்கிறது என்று பொருள். வண்டையாவது சகித்துக்கொள்ளலாம், பொறுக்கிவிடலாம். கல்லாகிப்போன பயறை ஒன்றும் செய்ய முடியாது. வெப்பமும் ஈரமும் சேர்ந்த இடத்தில் மாதக்கணக்கில் கிடக்கும் பயறுக்குள், அதன் செல்களை ஒட்டவைத்திருக்கும் பெக்டின் என்ற பசை, கால்சியத்தோடும் மக்னீசியத்தோடும் பிணைந்து இறுகிவிடுகிறது. அதற்குப் பிறகு எவ்வளவு வேகவைத்தாலும் தோல் கிழியுமே தவிர உள்ளே மாவாகாது. நான் அந்த ஒன்பது விசில் பயறை வாங்கிய கடையின் மூட்டை, ஒழுகும் கூரைக்கு இரண்டடி தள்ளி இருந்தது பிறகுதான் நினைவுக்கு வந்தது.

எனவே ஐந்து கிலோ வாங்கி டப்பாவில் நிரப்பும் ஊர்ப்பழக்கத்தை இங்கே விட்டுவிடுங்கள். மழைக்காலத்தில் அரைக் கிலோ போதும். வாங்கிவந்ததை ஒரு பையில் கட்டி ஃப்ரீசரில் நான்கு நாள் வைத்தால் வண்டின் முட்டைகள் செத்துவிடும். பிறகு வெளியே எடுத்து, பையைப் பிரிக்காமலே அறையின் சூட்டுக்கு வரவிட்டு (பிரித்தால் குளிர்ந்த பயறின் மேல் நீர் வியர்க்கும்), காற்றுப் புகாத கண்ணாடிப் புட்டியில் போடுங்கள். மே மாத வெயிலில் ஒரு தடவை காயவைத்துப் புட்டியில் அடைப்பது இந்த ஊர்ப் பாட்டிமார் செய்வது. நாமும் செய்யலாம், வெயில் இருந்தால்.

கிழங்குகள்

காச்சில், சேனை, சேம்பு, நனகிழங்கு, கூர்க்கை, இவற்றோடு ஏத்தங்காய். காச்சில் என்பது நம் பெருவள்ளிக்கிழங்கு, சேம்பு நம் சேப்பங்கிழங்கு, நனகிழங்கு நம் சிறுவள்ளிக்கிழங்கு, கூர்க்கை நம் சிறுகிழங்கு, ஏத்தங்காய் நேந்திரன் காய். எல்லாம் போட வேண்டியதில்லை. வேலைநாள் இரவுக்கு இரண்டு கிழங்கும் ஒரு ஏத்தங்காயும் தாராளம்.

கூர்க்கையை மட்டும் கிடைக்கும் காலத்தில் விடாதீர்கள். டிசம்பர், ஜனவரியில் சந்தைக்கு வரும். பொங்கல் சமயத்தில் திருநெல்வேலி வீடுகளில் சிறுகிழங்குப் பொரியல் சாப்பிட்டவர்களுக்கு அதன் வாசனையைச் சொல்ல வேண்டியதில்லை. தோல் எடுப்பதுதான் தலைவேதனை, கையெல்லாம் கறுத்துவிடும். இங்கே செய்யும் தந்திரம்: அரை மணி நீரில் ஊறவைத்து, ஒரு சாக்குப் பையில் போட்டு வாயைக் கட்டி, துணி துவைப்பது போல வாசல்படியில் நாலு அடி அடிப்பது. மண்ணும் தோலும் சாக்கோடு போகும். அடுக்குமாடியில் இருப்பவர்கள் கீழ்வீட்டாரிடம் முன்கூட்டிச் சொல்லிவிடுவது நல்லது.

சேனையும் சேம்பும் அரிக்கும். உள்ளே ஊசி வடிவத்தில் கால்சியம் ஆக்சலேட் படிகங்கள் இருப்பதால் வரும் அரிப்பு. கையில் தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு, கழுவாத உலர்ந்த கிழங்காக நறுக்கிவிட்டு, பிறகு கழுவுங்கள். ஈரக்கையோடு நறுக்கினால்தான் அரிப்பு அதிகம்.

மரச்சீனியைப் புழுக்கில் போடலாமா என்று கேட்பவர்கள் உண்டு. போடலாம், ஆனால் அதைத் தனியாகக் கொதிக்கவைத்து அந்த நீரைக் கொட்டிவிட்டுப் போடுங்கள். அதில் சயனைடு தரும் பொருட்கள் உண்டு, சமையலறைச் சாமர்த்தியம் காட்டும் இடமல்ல அது. 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா இந்தக் கிழங்கைத் திருவிதாங்கூரில் பரப்பியவர். 1942இல் பர்மா ஜப்பானியர் கையில் விழுந்து அரிசிக் கப்பல் நின்றபோது இந்த நாட்டைப் பிழைக்கவைத்தது அதுதான். அந்த நன்றிக்கடனோ என்னவோ, ஊருக்குள்ளேயே ஸ்ரீகாரியத்தில் 1963 முதல் மத்திய கிழங்குப் பயிர்கள் ஆராய்ச்சி நிலையம் நடக்கிறது. மரச்சீனிக்கு மட்டுமில்லை, கூர்க்கைக்கும் அவர்கள் ரகம் வெளியிட்டிருக்கிறார்கள். ‘ஸ்ரீதரா’ அதில் ஒன்று. வீட்டுத்தோட்டம் உள்ளவர்கள் ஒரு தடவை போய்வரலாம்.

ஊறல்

சீக்கிரம் சமைக்க வேண்டுமென்றால் தீயைக் கூட்டாதீர்கள், ஊறலைக் கவனியுங்கள். காலையில் வேலைக்குக் கிளம்பும்போது ஒரு டம்ளர், அதாவது 200 கிராம் வன்பயறைக் கழுவி, ஒரு லிட்டர் தண்ணீரில் ஒரு மேசைக்கரண்டி கல்லுப்பு கரைத்து அதில் போட்டுவிட்டுப் போங்கள். உப்புப் போட்டால் பயறு வேகாது என்று நம் வீடுகளில் சொல்வது எனக்கும் தெரியும். என் அம்மாவும் சொல்வாள். ஊறலில் அது நேர்மாறு. உப்பிலுள்ள சோடியம், தோலின் பெக்டினில் உட்கார்ந்திருக்கும் கால்சியத்தைக் கிளப்பிவிட்டுத் தான் உட்கார்ந்துகொள்கிறது. தோல் இளகுகிறது, வெடிக்காமல் வேகிறது. மாலையில் அந்த நீரைக் கொட்டிவிட்டு ஒரு தடவை அலசினால் உப்புக் கரிக்காது.

வேகவிடாமல் பிடித்துவைப்பது புளிப்பு. புளி, குடம்புளி, தக்காளி, மோர் எதுவாக இருந்தாலும் பயறு முழுக்க வெந்த பிறகுதான். முன்னால் போட்டீர்களோ, அடுப்பை எரித்துக்கொண்டே இருக்கலாம். வெல்லமும் அப்படியே. தண்ணீரும் ஒரு காரணமாக இருக்கலாம். ஆழ்துளைக் கிணற்று நீர் கடினமாக இருந்தால், அதிலுள்ள கால்சியமே பயறை இறுக்கும். குளியலறைக் குழாயில் வெள்ளைப் பொருக்குப் படிகிற வீடாக இருந்தால் சமையலுக்குக் குடிதண்ணீரையே எடுங்கள். ஒரு சிட்டிகை ஆப்பச்சோடா போட்டால் சட்டென்று வெந்துவிடும், உண்மைதான். ஆனால் சோப்பு வாடை வரும், பி1 வைட்டமினும் போகும். நான் போடுவதில்லை.

இந்த ஊர்ச் சூட்டில் பத்து மணி நேரத்துக்கு மேல் வெளியே ஊறினால் நுரைத்துப் புளிக்கத் தொடங்கும். வீடு திரும்ப நேரமாகும் என்று தெரிந்தால் ஊறலோடு ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டுப் போங்கள். காலையில் மறந்துபோனால்? பயறை நிறைய நீரில் மூன்று நிமிடம் தளதளவென்று கொதிக்கவிட்டு, அடுப்பை அணைத்து, மூடி ஒரு மணி நேரம் வையுங்கள். எட்டு மணி நேர ஊறலுக்கு ஏறக்குறைய சமம். அந்த ஒரு மணிக்குள் குளித்து, ஈரத்துணியை மின்விசிறிக்கு அடியில் பரப்பி முடிக்கலாம்.

ஊறி முடிந்ததும் கையால் அளைந்து பாருங்கள். எல்லாம் இரட்டிப்பாகப் பருத்திருக்க, சில மட்டும் அப்படியே சின்னதாக, கெட்டியாக அடியில் கிடக்கும். அவைதான் கல்பயறு. பொறுக்கி எறியுங்கள், குக்கர் அவற்றை மாற்றாது.

அடுப்பில்

நான்கு பேருக்கான அளவு: ஊறவைத்த அந்த ஒரு டம்ளர் வன்பயறு, காச்சில் கால் கிலோ, சேனை 200 கிராம், ஏத்தங்காய் ஒன்று, கிடைத்தால் கூர்க்கை ஒரு கை. அரைக்க ஒரு மூடித் தேங்காய், அரைத் தேக்கரண்டி சீரகம், சின்ன வெங்காயம் ஐந்து, காந்தாரி மிளகாய் ஆறேழு. காந்தாரி என்பது மேல்நோக்கி நிற்கும் குட்டி மிளகாய், உருவத்தைப் பார்த்து ஏமாறாதீர்கள்; பழக்கமில்லாதவர்கள் மூன்றில் தொடங்கலாம், அல்லது பச்சைமிளகாய் நாலு. திருவாதிரை நோன்புக்கு என்றால் வெங்காயம் கிடையாது.

பயறைக் குக்கரில் போட்டு, அதற்கு மேல் இரண்டு விரற்கடை நிற்கும்படி தண்ணீர் விட்டு, ஒரு கரண்டி தேங்காய் எண்ணெய் விடுங்கள். எண்ணெய் நுரையை அடக்கும். இல்லாவிட்டால் பயற்று நுரை வெயிட் துளையில் ஏறி அடைக்கும். குக்கர் பாதிக்கு மேல் நிரம்பக் கூடாது. முதல் விசில் வந்ததும் தீயைச் சிறிதாக்கி எட்டு நிமிடம். விசிலை எண்ணுவதை விட்டுவிட்டுக் கடிகாரத்தைப் பாருங்கள். ஒவ்வொரு குக்கரும் தன் இஷ்டத்துக்குக் கூவும். உள்ளே வேலை செய்வது சூடுதான். 1679இல் டெனிஸ் பாப்பன் என்ற பிரெஞ்சுக்காரர், எலும்பும் குழைய வேண்டும் என்று இறுக்கி மூடிய பானை ஒன்றைச் செய்தார். நம் குக்கருக்கு அதுதான் கொள்ளுத்தாத்தா. அடைபட்ட ஆவி உள்ளே நீரை ஏறக்குறைய 120 டிகிரி வரை சூடேற்றுகிறது. திறந்த சட்டியில் 100ஐத் தாண்டாது. மூணாறு போன்ற 1,500 மீட்டர் உயரத்தில் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும் என்பதால், அங்கே மாற்றலாகிப் போனவர்கள் திறந்த பானையில் பயறு வேகவைத்து அழுவதைக் கேட்டிருக்கிறேன்.

குக்கர் வேலை செய்யும் நேரத்தில் கிழங்குகளை நறுக்குங்கள். காச்சில் சீக்கிரம் குழையும், அதனால் பெரிய துண்டு. சேனை சிறிய துண்டு. ஏத்தங்காயைத் தோலோடு, மேல் நாரை மட்டும் சீவிவிட்டு நறுக்கலாம். ஆவி தானாக அடங்கியதும் திறந்து ஒரு பயறை நசுக்கிப் பாருங்கள், வெண்ணெய் போல நசுங்க வேண்டும். இங்கே அவசரப்பட்டால் பின்னால் திருத்த வழியில்லை. வேகவில்லையென்றால் இன்னும் ஐந்து நிமிடம். பிறகு கிழங்குத் துண்டுகள், அரைத் தேக்கரண்டி மஞ்சள்தூள், உப்பு, ஒரு டம்ளர் வெந்நீர். மூடி, ஒரே ஒரு விசில், அடுப்பை அணைத்துவிடுங்கள்.

தேங்காயை மிளகாய், சீரகம், சின்ன வெங்காயத்தோடு அம்மியில் நசுக்குவது போலக் கொரகொரப்பாக அரைக்க வேண்டும். மிக்ஸியில் தண்ணீர் விடாமல் இரண்டு சுற்று. மைபோல அரைத்தால் அது வேறு குழம்பாகிவிடும். குக்கரைத் திறந்து, மரக்கரண்டியின் பின்புறத்தால் மூன்றில் ஒரு பங்கை மட்டும் மசியுங்கள். மசிந்தது சாறாகும், மசியாதது கடிக்கக் கிடைக்கும். அரைத்ததைச் சேர்த்து, சிறு தீயில் மூன்று நிமிடம் கிளறி, தேங்காயின் பச்சை வாடை போனதும் அணைத்துவிடுங்கள்.

இப்போது உங்கள் கை தாளிப்புக் கரண்டிக்குப் போகும். தமிழ்க் கை அப்படித்தான். என் கையும் போனது. மாடி வீட்டுச் சேச்சி என் தோளுக்குப் பின்னால் நின்று, “கடுகு வறுக்கண்டா மோளே, பச்ச வெளிச்செண்ண ஒழி” என்றார். கடுகு வெடிக்க வேண்டாம், பச்சை எண்ணெயை ஊற்று என்பது அதற்கு அர்த்தம். எனக்கு நம்பிக்கையில்லை. ஆனால் இரண்டு இணுக்குக் கறிவேப்பிலையைக் கசக்கிப் போட்டு, இரண்டு மேசைக்கரண்டி நல்ல செக்குத் தேங்காய் எண்ணெயை மேலே சுற்றி ஊற்றி, மூடிவைத்து ஐந்து நிமிடம் கழித்துத் திறந்தபோது வந்த வாசனைக்கு முன்னால் கடுகு என்ன செய்திருக்கும்? குளிர்தேசங்களில் பயற்றுக் கறிக்குக் கனம் கொடுப்பது பன்றிக்கொழுப்பும் வாத்துக்கொழுப்பும். இங்கே அந்த வேலை இந்த எண்ணெயினுடையது. அதனால்தான் பாக்கெட்டில் வரும் வாசனையில்லாத எண்ணெயில் புழுக்குச் செய்தால் ஏதோ குறைகிறது.

ஊறிய பயறு கையில் இருந்தால், அடுப்பைப் பற்றவைத்ததிலிருந்து தட்டுக்கு வர நாற்பது நிமிடம்.

எதோடு, எப்படி மாற்றி

மழை இரவுக்குக் கஞ்சி. மட்டை அரிசிக் கஞ்சியும், சுட்ட பப்படமும், மாங்காய்ச் சம்மந்தியும் (துவையல்) பக்கத்தில் இருந்தால் போதும். பலா இலையை மடித்து ஈர்க்குக் குத்திய கரண்டியில் குடித்தால் ருசி கூடும் என்பார்கள். எனக்கு ஸ்டீல் கரண்டியே வசதி. அரிசியில் குறைவான லைசீனைப் பயறு கொடுக்கிறது, பயறில் குறைவான மெத்தியோனினை அரிசி கொடுக்கிறது. கேரளப் பள்ளிகளில் வெகுகாலம் மதிய உணவாகக் கஞ்சியும் செறுபயறுமே இருந்தது சிக்கனத்துக்காக மட்டுமில்லை.

ஊறவைக்கவே நேரமில்லாத இரவில் செறுபயறுக்கு மாறிவிடுங்கள். ஊறாமலே குக்கரில் பத்துப் பன்னிரண்டு நிமிடத்தில் வெந்துவிடும். அதே தேங்காய் அரைப்பு, அதே பச்சை எண்ணெய், ஏத்தங்காய் ஒன்று. காலையில் புட்டுக்கும் இதே பயறு. புட்டு, பயறு, பப்படம் என்பது இந்த ஊரின் மும்மூர்த்தி.

கரமனையிலும் வலியசாலையிலும் உள்ள தமிழ் அக்ரகாரங்களில் அதே திருவாதிரை நாளில் களியும் ஏழுகறிக் கூட்டும் ஆகிறது. அடிப்படை ஒன்றுதான்: குளிர் மாதத்தின் கிழங்கும் பயறும். ஆனால் அங்கே மொச்சை, பூசணி, பரங்கி, வாழைக்காய், சர்க்கரைவள்ளி எல்லாம் வந்து, கொத்தமல்லி, கடலைப்பருப்பு, மிளகாய் வறுத்து அரைத்த பொடியும் புளியும் சேரும், கடுகும் வெடிக்கும். புழுக்கு சலித்தவர்கள் இதைச் செய்யலாம். ஒரே நிபந்தனை, முன்னால் சொன்னதுதான்: மொச்சை முழுக்க வெந்த பிறகு புளி.

வன்பயறுக்குப் பதில் ராஜ்மா போடலாமா என்று வடக்கத்தி நண்பர்கள் கேட்கிறார்கள். போடலாம், ஆனால் விளையாடக் கூடாது. சிவப்பு ராஜ்மாவில் ஒரு லெக்டின் உண்டு. அரைகுறையாக வெந்தால் நாலைந்து கொட்டை போதும், வாந்தியும் வயிற்றுப்போக்கும். குறைந்தது ஐந்து மணி ஊறவைத்து, அந்த நீரைக் கொட்டி, புது நீரில் நன்றாகக் கொதிக்கவைக்க வேண்டும். குக்கரில் முழுக்க வேகவைத்தால் கவலையில்லை. இப்போது ஆன்லைனில் விற்கும் மின்சார மெதுகுக்கரில் நேரடியாகப் போட்டுவிட்டு அலுவலகம் போவதுதான் ஆபத்து. அதன் மந்தச் சூட்டில் லெக்டின் அழியாது.

மீந்ததைப் பற்றி ஒரு வார்த்தை. தேங்காய் அரைத்துச் சேர்த்த புழுக்கு, வெளியே வைத்தால் விடிவதற்குள் புளித்து நூலிழுக்கும். மழை நாளில் மின்சாரம் போனால் ஃப்ரிட்ஜையும் நம்ப முடியாது. ஆகையால் இரண்டு நாளுக்குச் சேர்த்துச் செய்கிறவர்கள் பயறும் கிழங்கும் வெந்த கையோடு பாதியைத் தனியாக எடுத்து ஆறவைத்து ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். மறுநாள் தளதளவென்று கொதிக்கவிட்டு, தேங்காயை அப்போது அரைத்துச் சேர்த்து, எண்ணெயையும் அப்போதே ஊற்றலாம்.